பிளேட்டோவைக் கூண்டில் ஏற்றிய புத்தகம்

1938 மார்ச் 12 அன்று ஹிட்லரின் படைகள் ஆஸ்திரியாவுக்குள் நுழைந்தன. எதிர்த்து ஒரு சண்டைகூட நடக்கவில்லை. பல ஊர்களில் பூத்தூவி வரவேற்றார்கள். செய்தி நியூசிலாந்தின் கிறைஸ்ட்சர்ச் நகரத்தை எட்டியபோது, அங்கே ஒரு சின்னக் கல்லூரியில் வியன்னாக்காரர் ஒருவர் தத்துவப் பாடம் நடத்திக்கொண்டிருந்தார். பெயர் கார்ல் பாப்பர், வயது முப்பத்தைந்து. சேதி வந்த அன்றே ஒரு புத்தகம் எழுதுவது என்று அவர் தீர்மானித்தார். அந்தத் தீர்மானம் தன்னை எங்கே கொண்டுபோய் நிறுத்தும் என்று அப்போது அவருக்கே தெரிந்திருக்க வாய்ப்பில்லை.

ஏழரை ஆண்டு கழித்து அது இரண்டு தொகுதிகளாக வெளிவந்தது. ‘திறந்த சமூகமும் அதன் எதிரிகளும்’ என்று பெயர். சொந்த ஊர் பறிபோன கோபத்தில் பிறந்த நூல், நடந்துகொண்டிருந்த போரைப் பற்றி நேராக எதுவும் பேசவில்லை. குற்றவாளிக் கூண்டில் ஏறியவர்கள் மூவர்: பிளேட்டோ, ஹெகல், மார்க்ஸ். முதலாமவர் இறந்து இரண்டாயிரத்து இருநூறு ஆண்டுகளுக்கு மேல் ஆகியிருந்தது. மூன்றாமவரை நாஜிகளே எரித்துக்கொண்டிருந்தார்கள். பிறகு எதற்கு இந்த வழக்கு?

விடை வியன்னாவில் இருக்கிறது.

பாப்பரின் அப்பா சைமன் பாப்பர் பெயர்பெற்ற வழக்கறிஞர். வீடு முழுக்கப் புத்தகம். பிளேட்டோவும் கான்ட்டும் ஷோப்பன்ஹவரும் இருந்த அலமாரிகளில் மார்க்ஸ், எங்கெல்ஸ், காவுட்ஸ்கி, பெர்ன்ஸ்டைன் எல்லாரும் இருந்தார்கள். அப்பாவின் படிப்பறைச் சுவரில் டார்வினுக்கும் ஷோப்பன்ஹவருக்கும் படம். முதல் உலகப்போர் முடிந்து, ஆஸ்திரியப் பேரரசு உடைந்து, பணவீக்கத்தில் அந்த வீட்டின் சேமிப்பு கரைந்துபோனது. பதினாறு வயதுப் பையன் பள்ளியை விட்டு வெளியேறி, சில மாதங்கள் கம்யூனிஸ்டாகவும் இருந்தான்.

1919 ஜூனில் ஹோர்ல்காசே என்ற தெருவில் ஓர் ஆர்ப்பாட்டம். சிறைப்பட்ட தோழர்களை மீட்கப் போன இளைஞர்கள் மீது போலீஸ் சுட்டது. ஆயுதம் ஏந்தாத பிள்ளைகள் செத்தார்கள். போலீஸின் கொடூரத்தில் அதிர்ந்த பாப்பர், அதைவிடத் தன் கட்சிக்காரர்களின் சமாதானத்தில் அதிர்ந்தார். புரட்சி வந்தே தீரும், அதற்குப் பலி கொடுத்தாக வேண்டும், முதலாளித்துவம் நாள்தோறும் வாங்கும் பலியைவிட இது குறைவு என்றார்கள். இந்தக் கணக்கு யாருக்குத் தெரியும், எப்படித் தெரியும் என்று பையன் தன்னையே கேட்டுக்கொண்டான். வரலாறு இந்த வழியாகத்தான் போகும் என்ற ஒரு கோட்பாட்டை நம்பி, அடுத்தவன் உயிரைப் பணயம் வைக்கும் துணிச்சல் தனக்கும் வந்திருந்ததை நினைத்துக் கூசினான். பதினேழு வயது நிறைவதற்குள் மார்க்சியத்திலிருந்து விலகிவிட்டான்.

ஆனால் விலகியதைப் பற்றி அவர் எழுதவில்லை. பத்தொன்பது ஆண்டுகள் எழுதவில்லை. தச்சுப்பட்டறையில் வேலை பழகினார், பள்ளி ஆசிரியர் ஆனார், அறிவியல் முறை பற்றி 1934-ல் ஒரு முக்கியமான நூலை வெளியிட்டார். எந்தக் கோட்பாடு தன்னைப் பொய்யாக்கக்கூடிய சோதனைக்குக் கழுத்தை நீட்டுகிறதோ அதுதான் அறிவியல் என்ற அவருடைய புகழ்பெற்ற வாதம் அதில்தான் வந்தது. அந்த வாதத்துக்கான விதைகளில் ஒன்று ஹோர்ல்காசேயில் விழுந்தது என்று அவரே பின்னாளில் எழுதினார். இருந்தும் மார்க்சியத்தின் பெயரைச் சொல்லி விமர்சிக்கும் நூல் எதையும் அவர் அச்சுக்குக் கொடுக்கவில்லை.

காரணம் எளிது. ஆஸ்திரியாவில் கொடுங்கோன்மையை எதிர்த்து நின்ற ஒரே அரசியல் சக்தி சமூக ஜனநாயகக் கட்சி. அவர்கள் மார்க்சைப் படித்தவர்கள், மார்க்சின் மொழியில் பேசியவர்கள். வரலாறு தங்கள் பக்கம் இருக்கிறது என்று நம்பியே, எதிரியைத் தடுக்க வேண்டிய நேரத்தில் கையைக் கட்டிக்கொண்டு நின்றார்கள் என்பது பாப்பரின் கணிப்பு. ஆனாலும் அவர்களைத் தாக்கி எழுதினால் பலன் பாசிசத்துக்குத்தான் போகும். அதனால் வாயைக் கட்டிக்கொண்டார்.

1938 மார்ச்சில் அந்தக் கட்டு அவிழ்ந்தது. காப்பாற்ற வேண்டிய கட்சியே இல்லை. இனி யாருக்காக மௌனம்? இந்த நூலின் பிறப்பைச் சொல்பவர்கள் பெரும்பாலும் நாட்டை இழந்தவனின் கோபத்தைச் சொல்வார்கள். கோபம் இருந்தது. ஆனால் அந்த நாளை அந்த நாளாக்கியது, பத்தொன்பது ஆண்டாகத் தொண்டையில் நின்றதைச் சொல்ல இனித் தடை இல்லை என்ற உணர்வு என்றே எனக்குப் படுகிறது. கொன்றவர்களைப் பற்றி எழுதப் பலர் இருந்தார்கள். தடுத்திருக்க வேண்டியவர்கள் ஏன் தடுக்கவில்லை, அவர்கள் தலைக்குள் எந்தப் பெரிய மனிதர்களின் எந்த வாக்கியங்கள் உட்கார்ந்திருந்தன என்று கேட்க அதிகம் பேர் இல்லை.

அவர் நியூசிலாந்துக்குப் போனதும் ஒரு தனிக் கதை. பெற்றோர் லூத்தரன் கிறித்தவத்துக்கு மாறியவர்கள் என்றாலும் பிறப்பால் யூதர்கள். வியன்னாவில் இனிக் காலம் தள்ள முடியாது என்று 1930-களின் நடுவிலேயே பாப்பருக்குத் தெரிந்துவிட்டது. 1936-ன் கிறிஸ்துமஸுக்கு முந்தைய நாள் ஒரு தந்தி வந்தது. கிறைஸ்ட்சர்ச்சில் கேன்டர்பரி யுனிவர்சிட்டி காலேஜில் விரிவுரையாளர் வேலை. கேம்பிரிட்ஜிலும் இடம் தரத் தயாராக இருந்தார்கள். ஆனால் அது அகதிக்குத் தரும் புகலிடம், இது முறையான வேலை. கேம்பிரிட்ஜ் இடத்தை இன்னொரு வியன்னாத் தத்துவவாதியான ஃபிரிட்ஸ் வைஸ்மனுக்குக் கொடுக்கச் சொல்லிவிட்டு, மனைவி ஹென்னியோடு கப்பல் ஏறினார். இருவருமே பள்ளி ஆசிரியர் வேலையை விட்டுவிட்டு வந்தவர்கள். 1937 மார்ச்சில் போய்ச் சேர்ந்தார்கள்.

கிறைஸ்ட்சர்ச்சில் அவர்கள் குடியிருந்த மலைச்சரிவுப் பகுதிக்குப் பெயர் காஷ்மீர். மதராஸ் மாகாணத்தில் பிறந்து, கிழக்கிந்தியக் கம்பெனியில் அதிகாரியாக இருந்து, பிறகு நியூசிலாந்தில் நிலம் வாங்கிக் குடியேறிய ஜான் கிராக்ராஃப்ட் வில்சன் என்பவர் தன் பண்ணைக்கு வைத்த பெயர் அது. கதைக்கு இதனால் ஆவது ஒன்றுமில்லை. பிளேட்டோவின் மேல் வழக்குத் தொடுத்த வீடு காஷ்மீரில் இருந்தது என்று சொல்ல ஆசையாக இருந்தது, சொல்லிவிட்டேன்.

இங்கிலாந்து அங்கிருந்து கப்பலில் ஐந்து வாரம். கடிதம் போட்டால் பதில் வர மூன்று மாதம். ஊர் பாப்பருக்குப் பிடித்தது. உலகத்திலேயே நன்றாக ஆளப்படும் நாடு என்றுகூட நினைத்தார். கல்லூரி நிர்வாகம்தான் படுத்தியது. பாடச் சுமை முதுகை முறித்தது. போதாக்குறைக்கு, இங்கே இருக்கும்வரை எதையும் வெளியிடாமலிருப்பது உங்களுக்கு நல்லது, ஆராய்ச்சிக்குச் செலவிடும் நேரமெல்லாம் கற்பிக்கச் சம்பளம் வாங்கும் நேரத்திலிருந்து திருடியது என்று சொல்லியிருக்கிறார்கள். இருபதாம் நூற்றாண்டின் அரசியல் தத்துவத்தில் மிக அதிகம் சண்டை மூட்டிய நூல்களில் ஒன்று, நிர்வாகத்தின் கணக்குப்படி முழுக்க முழுக்கத் திருட்டு நேரத்தில் எழுதியது.

முதலில் அது இந்த நூலே அல்ல. 1936-ல் லண்டன் ஸ்கூல் ஆஃப் எகனாமிக்ஸில் ஃபிரெட்ரிக் ஹாயெக் நடத்திய கருத்தரங்கில் பாப்பர் ஒரு கட்டுரை வாசித்திருந்தார். வரலாறு மாறாத விதிகளின்படி ஓடுகிறது, அந்த விதியைக் கண்டுபிடித்தால் நாளை நடப்பதை முன்கூட்டியே சொல்லிவிடலாம் என்ற நம்பிக்கையைத் தாக்கும் கட்டுரை. ‘வரலாற்றுவாதத்தின் வறுமை’ என்று பெயர். புரூதோன் 1846-ல் ‘வறுமையின் தத்துவம்’ எழுத, மார்க்ஸ் அடுத்த ஆண்டே ‘தத்துவத்தின் வறுமை’ என்று திருப்பி அடித்தாரே, அந்தக் குத்தலை மார்க்ஸுக்கே திருப்பி அனுப்பியிருந்தார் பாப்பர். கிறைஸ்ட்சர்ச்சில் அதை விரித்து எழுத உட்கார்ந்தபோது ஒரு பகுதி நண்பர்களுக்குப் புரியவில்லை. ஒவ்வொரு பொருளுக்கும் மாறாத உள்ளியல்பு ஒன்று இருக்கிறது, அறிவின் வேலை அதைத் தேடுவது என்ற எண்ணம் அரசியலில் என்ன செய்யும் என்பதைப் பற்றிய பகுதி அது. விளக்கம் எழுதப் போனார். விளக்கத்துக்குப் பிளேட்டோ தேவைப்பட்டார். பிளேட்டோவின் ‘குடியரசு’ நூலில் தெரிந்த சர்வாதிகாரச் சாயல்களைப் பற்றிச் சில குறிப்புகள் சேர்ந்தன. குறிப்புகள் அத்தியாயமாயின, அத்தியாயம் தொகுதியாயிற்று. மனிதச் செயல்களின் எதிர்பாராத விளைவுகளை ஆராய்வதே சமூக அறிவியலின் முதல் வேலை என்று வாதிட்டவர் பாப்பர். தன் நூலே எந்தத் திட்டமும் இல்லாமல், எல்லாத் திட்டத்தையும் மீறிப் பிறந்த அப்படியொரு விளைவு என்று பின்னாளில் அவரே எழுதினார்.

மொழிபெயர்ப்புகளை நம்பிப் பிளேட்டோவைத் தாக்க அவர் தயாராக இல்லை. பிளேட்டோவின் மேல் உள்ள பக்தி மொழிபெயர்ப்புக்குள்ளேயே புகுந்து கடுமையான இடங்களை மென்மையாக்கிவிடுகிறது என்பது அவருடைய புகார். எனவே கிரேக்க மூலத்தோடு மல்லுக்கட்டி, மேற்கோள்களைத் தானே மொழிபெயர்த்தார். அப்படிப் படித்தபோது அவர் கண்ட பிளேட்டோ, கல்லூரிகள் கும்பிட்ட பிளேட்டோ இல்லை. மாற்றம் என்றாலே சீரழிவு என்று நம்பியவர். ஏதென்ஸின் மக்களாட்சி தன் குருநாதர் சாக்ரட்டீஸைக் கொன்றதைப் பார்த்தவர், அந்தச் சாக்ரட்டீஸின் வாயாலேயே மக்களாட்சிக்குச் சமாதி கட்டியவர். எதையும் கேள்வி கேட்கச் சொன்ன ஆசிரியரைக் கேள்வியே கேட்க முடியாத அரசுக்கு வக்கீலாக்கியதை பாப்பரால் மன்னிக்க முடியவில்லை. முதல் தொகுதியில் கனல் அதிகமாக இருக்கும் இடம் இதுதான்.

பிளேட்டோவின் ஊரில் ஒரு ‘உயர்ந்த பொய்’ உண்டு. ஆளப் பிறந்தவர்களைக் கடவுள் தங்கம் கலந்து படைத்தார், காவலர்களை வெள்ளி கலந்து, உழவரையும் கைவினைஞரையும் இரும்பும் வெண்கலமும் கலந்து படைத்தார் என்று குடிமக்களுக்குச் சொல்லி நம்பவைக்க வேண்டும். இந்தப் பத்தியைப் படிக்கும் தமிழ் வாசகருக்கு விளக்கவுரை வேண்டியதில்லை. பாப்பரும் பிளேட்டோவின் அரசைச் சாதி அரசு என்ற சொல்லாலேயே பல இடங்களில் குறிக்கிறார். அவர் தீர்மானம் எடுப்பதற்கு இரண்டு ஆண்டு முன்பு, 1936-ல், அம்பேத்கர் லாகூர் மாநாட்டுக்காக எழுதி, பேச அனுமதி மறுக்கப்பட்டு, தானே அச்சிட்ட உரையிலும் பிளேட்டோ வருகிறார். மனிதர்களை மூன்று வகுப்பாகப் பிரித்து அடைத்த பிளேட்டோவின் ஏற்பாட்டையும் நால்வருணத்தையும் அருகருகே வைத்து, மனிதனின் பலவகைப்பட்ட இயல்புகளை இப்படி நாலைந்து பெட்டிக்குள் போட முடியாது என்கிறார். அந்த உரை ஈரோட்டில் பெரியார் நடத்திய குடியரசுப் பதிப்பகத்தின் வழியே தமிழில் சீக்கிரமே வந்துவிட்டது. ஆக, பிளேட்டோவின் மேல் சந்தேகம் கொள்ள பாப்பர் வரும்வரை ஈரோடு காத்திருக்கவில்லை.

ஐரோப்பாவிலும் இந்தச் சந்தேகம் பாப்பரோடு தொடங்கியதல்ல. ரிச்சர்ட் கிராஸ்மன் 1937-லேயே ‘இன்றைய பிளேட்டோ’ எழுதியிருந்தார். பாப்பர் செய்த புதுமை வேறு. யார் ஆள வேண்டும் என்று பிளேட்டோ கேட்ட கேள்வியையே தூக்கிப் போட்டார். அறிவாளியா, பாட்டாளியா, நல்லவனா என்று அந்தக் கேள்விக்கு எந்தப் பதில் சொன்னாலும் முடிவில் கட்டற்ற அதிகாரத்துக்கு வழி செய்ததாகிவிடும். அதற்குப் பதிலாக இப்படிக் கேளுங்கள் என்றார்: கெட்ட ஆட்சியாளர்களை ரத்தம் சிந்தாமல் இறக்க என்ன ஏற்பாடு வைத்திருக்கிறீர்கள்? நூலின் இரண்டு தொகுதியிலும் எனக்கு மிகப் பயன்பட்ட வரி இதுதான். ஒவ்வொரு தேர்தலின்போதும் நாம் பழைய கேள்வியையே கேட்டுக்கொண்டிருக்கிறோம்.

ஹெகலைப் பற்றிய அத்தியாயம் நூலின் சறுக்கல். அங்கே பாப்பர் வாதிடுவதைவிட வசைபாடுவது அதிகம். பாதி வசை ஷோப்பன்ஹவரிடம் கடன் வாங்கியது. சிறிய நூலகம், போர்க்காலம், கப்பலில் வர வேண்டிய புத்தகங்கள் என்று சூழ்நிலையைச் சொல்லலாம். ஆனால் மாணவர்களுக்கான ஒரு தேர்வுத் தொகுப்பை வைத்துக்கொண்டு, வெவ்வேறு இடத்து வாக்கியங்களை ஒட்டுத்துணிபோலத் தைத்து ஹெகலுக்கு உடுத்திவிட்டார் என்று வால்டர் காஃப்மன் 1951-ல் எழுதிய கட்டுரைக்குச் சரியான மறுப்பு இன்றுவரை வரவில்லை. நியூசிலாந்தின் டனீடின் நகரில் இருந்த ஜான் ஃபின்ட்லே அந்நாட்களில் பாப்பரின் நண்பர்களில் ஒருவர். ஆங்கிலம் பேசும் உலகத்தில் ஹெகலுக்கு மறுபடி மரியாதை வாங்கித் தந்த நூல்களில் ஒன்றை 1958-ல் எழுதியவர் அவரே.

மார்க்ஸிடம் வரும்போது குரல் மாறுகிறது. இளமையில் விட்டு வந்த வீட்டைப் பற்றிப் பேசும் குரல். தொழிற்சாலைகளில் குழந்தைகள் பட்ட பாட்டைக் கண்டு கொதித்தவர், உண்மையைத் தேடியவர், மனிதாபிமானி என்று வாயாரச் சொல்லிவிட்டு, பிறகே அவருடைய ஆரூடங்களைப் பிரித்து மேய்கிறார். எதிராளியைச் சாய்ப்பதற்கு முன் அவர் வாதத்தை அவரைவிட வலுவாகக் கட்டித் தருவது பாப்பரின் பழக்கம் என்பார்கள். ஹெகலிடம் மறந்துபோன பழக்கம் மார்க்ஸிடம் ஞாபகம் வந்துவிட்டது.

எழுதியது ஆங்கிலத்தில். சில ஆண்டுக்கு முன்புவரை அந்த மொழியில் தட்டுத்தடுமாறியவர். பொருளாதாரம் கற்பித்த காலின் சிம்கின், ஆங்கிலம் கற்பித்த மார்கரெட் டால்ஜீல் போன்றவர்கள் பக்கம் பக்கமாகத் திருத்த உதவினார்கள். பாப்பர் இருபது முறைக்கு மேல் திரும்பத் திரும்ப எழுதினார். ஹென்னி பழைய தட்டச்சுப்பொறியில் முழு நூலையும் பலமுறை அடித்தார். கடன்வாங்கிய மொழியில் எழுதியதால் பூசிமெழுக முடியவில்லை. ஜெர்மன் தத்துவத்தின் நீண்ட வாக்கியங்கள் அவருக்குக் கைகொடுக்கவில்லை. நூலின் தெளிவுக்கு இதுவும் ஒரு காரணம் என்று தாராளமாகச் சொல்லலாம். சொல்ல வேண்டியதையெல்லாம் சொல்லிவிடும் வெறி மட்டும் அடங்கவில்லை. அது பின்குறிப்புகளுக்குள் போய் உட்கார்ந்தது. குறிப்புகள் மட்டுமே தனியாக ஒரு பெரிய புத்தகம் அளவுக்கு வரும்.

வெளியே போர். படையில் சேரப் பார்த்தார், எடுத்துக்கொள்ளவில்லை. வியன்னாவிலிருந்து ஆட்களைத் தப்பவைத்து நியூசிலாந்துக்குக் கொண்டுவர, மரபியலாளர் ஓட்டோ ஃபிராங்கலோடு சேர்ந்து அனுமதிச் சீட்டுகளுக்கு அலைந்தார். சிலர் வந்து சேர்ந்தார்கள். வராதவர்களில் அவருடைய சொந்தக்காரர்களும் உண்டு. 1942-ல் சிங்கப்பூர் விழுந்தபோது ஜப்பானியர்கள் நியூசிலாந்துக்கே வந்துவிடுவார்கள் என்ற பயம் பரவியது. இந்த நூல்தான் போருக்குத் தன் பங்களிப்பு என்று பாப்பர் பின்னர் எழுதினார். கேட்க மிகையாகத் தோன்றும். ஆனால் எந்தப் பக்கம் ஜெயிக்கும் என்று தெரியாத நாட்களில், ஜெயித்த பிறகு ஐரோப்பா மறுபடி எதைக் கும்பிடப் போகிறது என்று கவலைப்பட்டவர் அவர். அதில் மிகை எதுவும் எனக்குத் தெரியவில்லை.

1943-ன் தொடக்கத்தில் கையெழுத்துப் பிரதி முடிந்தது. அமெரிக்காவில் இருந்த நண்பர்களுக்கு அனுப்பி, பதிப்பாளர் தேடச் சொன்னார். மாதங்கள் ஓடின. நண்பர்கள் பெரிய மேதை ஒருவரிடம் கருத்துக் கேட்டார்கள். அரிஸ்டாட்டிலுக்கு மரியாதை போதவில்லை, இதைப் பதிப்பகத்துக்கு அனுப்பவே லாயக்கில்லை என்று அவர் சொல்லிவிட்டார். பிளேட்டோவுக்கு இல்லை, அரிஸ்டாட்டிலுக்கு! நூலில் அரிஸ்டாட்டில் வருவது கொஞ்ச இடத்தில்தான். பெரிய பெயர்களின் முன்னால் படித்தவர்கள் வாயடைத்து நிற்பதுதான் நாகரிகத்துக்கு ஆபத்து என்பது நூலின் மையவாதம். அந்த மேதை தன்னை அறியாமலேயே அதற்கு முதல் சாட்சியாக வந்து நின்றார்.

இந்த நிலையில் ஒரு பழைய நண்பரின் இங்கிலாந்து முகவரி தற்செயலாகக் கிடைத்தது. எர்ன்ஸ்ட் கோம்பிரிச். பின்னாளில் ‘கலையின் கதை’ எழுதி உலகப் புகழ்பெற்ற கலை வரலாற்றாளர். அன்றைக்கு பி.பி.சி.யில் ஜெர்மன் வானொலியை இரவும் பகலும் ஒட்டுக்கேட்டு மொழிபெயர்க்கும் வேலை. கோம்பிரிச்சின் அப்பா, பாப்பரின் அப்பாவிடம் ஜூனியராகத் தொழில் பழகியவர். அந்த வியன்னாத் தொடர்பு போருக்கு நடுவே பூமியின் மறுகோடியில் உதவிக்கு வந்தது. பாப்பர் பிரதியோடு, எந்தெந்தப் பதிப்பகங்களை எந்த வரிசையில் அணுக வேண்டும், கடிதத்தில் என்ன எழுத வேண்டும் என்று நீண்ட அறிவுரைகளையும் அனுப்பிவைத்தார். பதிப்பகங்களுக்குக் காகிதம் ரேஷனில் கிடைத்த காலம். பெரிய நூல், பெயர் தெரியாத ஆசிரியர், அதுவும் இரண்டு தொகுதி. கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகப் பதிப்பகம் கைவிரித்தது.

ஹாயெக்கிடம் உதவி கேட்க பாப்பருக்குத் தயக்கம். வாழ்க்கையில் சில முறைதான் பார்த்திருக்கிறார். பிரதி ஹாயெக் கைக்குப் போனதும் அவரே இறங்கி வேலை செய்தார். ‘வரலாற்றுவாதத்தின் வறுமை’யை ‘மைண்ட்’ இதழ் திருப்பி அனுப்பியிருந்தது. ஹாயெக் தான் பொறுப்பாக இருந்த ‘எகனாமிகா’ இதழில் மூன்று பகுதியாக 1944, 1945-ல் போட்டார். பெரிய நூலை ரௌட்லெட்ஜ் பதிப்பகத்துக்குக் கொண்டுபோனார். அவருடைய ‘அடிமைத்தனத்துக்குச் செல்லும் பாதை’யை 1944-ல் வெளியிட்டவர்கள் அவர்கள்தான். அங்கே நூல்களைப் பரிசீலித்தவர் கவிஞரும் கலை விமர்சகருமான ஹெர்பர்ட் ரீட். அவர் அரசே வேண்டாம் என்ற அராஜகவாதி. சந்தையை நம்பிய ஹாயெக் சிபாரிசு செய்ய, அராஜகவாதி சரி சொல்ல, இன்னமும் சோஷலிசத்தின் மேல் பாசம் போகாத பாப்பரின் நூல் அச்சுக்குப் போனது. இன்றைக்கு இப்படி மூன்று பேர் ஒரே மேசையில் உட்காருவார்களா என்பது சந்தேகம். சம்மதக் கடிதம் வந்தபோது, கோம்பிரிச்சும் ஹாயெக்கும் தன் உயிரைக் காப்பாற்றிவிட்டார்கள் என்று பாப்பர் நினைத்தார். கடைசிவரை அப்படியே சொல்லிக்கொண்டும் இருந்தார்.

காப்பாற்றிய கோம்பிரிச்சின் பாடு அதற்குப் பிறகுதான் தொடங்கியது. போர்க்காலத்தில் கடிதங்களைப் படமெடுத்துச் சிறு பிலிம் சுருளாக அனுப்பி, சேரும் ஊரில் அச்சிட்டுக் கொடுப்பார்கள். அந்த வகைக் கடிதங்கள் கிறைஸ்ட்சர்ச்சிலிருந்து மழையாகக் கொட்டின. இந்தப் பக்கத்தில் இந்த வரியை மாற்று, அந்தக் குறிப்பை இங்கே நகர்த்து, அத்தியாயத்தையே எடுத்துவிட்டுப் புதியதைச் சேர் என்று. இரவுப்பணி முடித்துத் தூக்கக் கலக்கத்தோடு வரும் மனிதர் அத்தனையையும் பொறுமையாக ஒட்டித் திருத்தினார். இதே மனிதர்தான் 1945 மே 1 அன்று ஜெர்மன் வானொலியில் புருக்னரின் சிம்பொனி ஒலித்ததைக் கேட்டு, ஹிட்லர் செத்திருக்க வேண்டும் என்று ஊகித்தவர். செய்தி அவருடைய அறையிலிருந்துதான் சர்ச்சிலுக்குப் போனது.

தலைப்பும் எளிதில் அமையவில்லை. ‘பொய்த் தீர்க்கதரிசிகள்: பிளேட்டோ, ஹெகல், மார்க்ஸ்’ என்று ஒரு காலத்தில் இருந்தது. ‘எல்லாருக்குமான சமூகத் தத்துவம்’ என்றும் யோசித்தார்கள். கடைசியில் நின்றது ‘திறந்த சமூகம்’. திறந்த, மூடிய என்ற அந்தப் பிரிவினையை பிரெஞ்சுத் தத்துவவாதி ஆன்ரி பெர்க்சன் 1932-லேயே பயன்படுத்தியிருந்தார். பாப்பர் குறிப்பில் அதை ஒப்புக்கொண்டு, தன் பொருள் வேறு என்றும் சொல்லிவிடுகிறார். பெர்க்சனுக்கு அது ஆன்மிகம். பாப்பருக்கு, தடைகளை விமர்சித்துத் தானே முடிவெடுக்கும் மனிதர்களின் சமூகம்.

1945 நவம்பரில் நூல் வெளிவந்தது. அதே ஹாயெக் முயற்சியால் லண்டன் ஸ்கூல் ஆஃப் எகனாமிக்ஸில் வேலையும் கிடைத்தது. பாப்பரும் ஹென்னியும் ஒரு சரக்குக் கப்பலில் கேப் ஹார்ன் முனையைச் சுற்றிக்கொண்டு 1946 ஜனவரியில் இங்கிலாந்து வந்து சேர்ந்தார்கள். துறைமுகத்துக்குக் கோம்பிரிச் வந்திருந்தார், கையில் புத்தகத்தோடு. பத்து ஆண்டு கழித்துச் சந்திக்கும் நண்பர்கள். பாப்பர் புத்தகத்தை வாங்கி, வீடு போய்ச் சேரும் வழியெல்லாம் அச்சுப்பிழை தேடிக்கொண்டே போனார்.

வரவேற்பும் அடியும் சேர்ந்தே வந்தன. ரஸ்ஸல் பாராட்டினார்; கில்பர்ட் ரைல் ‘மைண்ட்’ இதழில் பெரும்பாலும் ஆமோதித்தார். பிளேட்டோவின் பக்தர்கள் கொதித்தார்கள். ரொனால்ட் லெவின்சன் 1953-ல் அறுநூறு பக்கத்துக்கு மேல் மறுப்பு எழுதினார். மாரிஸ் கார்ன்ஃபோர்த் மார்க்சியத்தின் சார்பில் 1968-ல் ஒரு முழு நூல் எழுதினார். ஜெர்மன் மொழிபெயர்ப்பைச் செய்தவர் பால் ஃபெயராபெண்ட். அவரே பின்னால் பாப்பரின் அறிவியல் முறையைக் கிண்டலடித்துத் தனிப் புகழ் பெற்றார். லண்டனில் பாப்பரிடம் படித்த ஹங்கேரி மாணவன் ஜார்ஜ் சோரோஸ் பங்குச் சந்தையில் கோடிகள் குவித்து, 1979 முதல் நூலின் பெயரிலேயே அறக்கட்டளை நடத்த, இன்று பல நாட்டு அரசியலில் ‘திறந்த சமூகம்’ ஒரு வசைச்சொல்லாகவும் புழங்குகிறது. சகிப்பின்மையைச் சகித்துக்கொண்டே போனால் சகிப்புத்தன்மையே அழியும் என்ற கருத்து சமூக ஊடகத்தில் படமாக, கேலிச்சித்திரமாகச் சுற்றுகிறது. பகிர்கிறவர்களில் பலர் கவனிக்காதது: பாப்பர் அதை எழுதியது முதல் தொகுதியின் ஏழாம் அத்தியாயத்துக்கான ஒரு பின்குறிப்பில். அதே குறிப்பில், வாதத்தால் எதிர்கொள்ள முடிகிறவரை அடக்குமுறை கூடாது என்றும் எழுதியிருக்கிறார். அந்தப் பாதி படத்தில் வருவதில்லை.

பாப்பர் நூலைத் திருத்துவதை நிறுத்தவே இல்லை. ஒவ்வொரு பதிப்பிலும் குறிப்புகள் கூடின. 1961-ல் லெவின்சனுக்குப் பதில் சேர்ந்தது. தொனி சில இடங்களில் தேவைக்கு மேல் கடுமையாக இருப்பதைப் பின்னாளைய முன்னுரையில் ஒத்துக்கொண்டு, அது சொற்களை மென்று விழுங்கும் காலமில்லை என்றார். 1965-ல் இரண்டாம் தொகுதியின் கடைசியில் சிறு குறிப்பொன்று சேர்த்தார். லியோபோல்ட் ஷ்வார்ட்ஸ்சில்ட் எழுதிய மார்க்ஸ் வாழ்க்கை வரலாறு, தன் நூலை முடித்துச் சில ஆண்டு கழித்துத்தான் அவர் பார்வைக்கு வந்ததாம். அது பகையோடு எழுதியது, எல்லா இடத்திலும் நியாயமானதல்ல என்று சொல்லிவிட்டு, ஆனால் அதில் உள்ள மார்க்ஸ்–எங்கெல்ஸ் கடிதச் சான்றுகள் தன்னை உலுக்கிவிட்டதாக எழுதுகிறார்: நான் காட்டிய அளவுக்கு மார்க்ஸ் மனிதாபிமானியும் இல்லை, சுதந்திரத்தை நேசித்தவரும் இல்லை. மார்க்ஸைப் போற்றி எழுதிய பழைய அத்தியாயங்களை அவர் மாற்றவில்லை. அவை முன்னால் அப்படியே நிற்க, இந்தக் குறிப்பு பின்னால் அச்சாகிக்கொண்டிருக்கிறது.